பிள்ளைக்குப் போட்ட ஜீவனாம்ச உத்தரவு சரியில்லையா? மேலே போவதற்கு முன் கொஞ்சம் உட்காருங்கள்

சேலம் அஸ்தம்பட்டியில், கோர்ட்டுக்குப் பக்கத்தில் ஒரு வக்கீல் ஆபீசில் 23 வருடமாகக் குமாஸ்தாவாக இருக்கிறேன். அதற்கு முன்னால், 1999இல், என் மகனுக்காக ஜீவனாம்சம் கேட்டு நானே கோர்ட் வராந்தாவில் நின்றவள். அப்போது சட்டத்திலேயே மாதம் 500 ரூபாய்தான் உச்சவரம்பு. 2001இல் அந்த வரம்பை எடுத்தார்கள். எடுத்த கையோடு தொகையைக் கூட்டிக் கேட்டு இன்னொரு மனு போட்டேன். அந்த மனுவை எழுதிக் கொடுத்த ஆபீசிலேயே அப்புறம் வேலைக்கும் சேர்ந்துவிட்டேன். அதனால் இங்கே சொல்வதில் பாதி வேலையில் கற்றது, மீதி பட்டுக் கற்றது.

போன கார்த்திகையில் ஏற்காட்டிலிருந்து ஒரு பெண் வந்தாள். எஸ்டேட்டில் காப்பிப் பழம் பறிக்கிற வேலை. இரண்டு பிள்ளைகள். புருஷன் சேலத்தில் கொலுசுப் பட்டறையில் இருக்கிறான். பிள்ளைக்கு 2,500 வீதம் மாதம் 5,000 ரூபாய் என்று உத்தரவு வாங்கி 14 மாதம் ஆகியிருந்தது. கைக்கு ஒரு பைசா வரவில்லை. "அவரு மெட்ராஸ்ல அப்பீல் போட்டுட்டாராங்க்கா, கேஸ் மேல இருக்குறப்ப நாம ஒண்ணும் பண்ண முடியாதுன்னாங்க" என்றாள். யார் சொன்னார்கள் என்று கேட்டேன். பக்கத்து வீட்டில் சொன்னார்களாம்.

இந்த ஒரு பேச்சை நம்பி எத்தனை பேர் காசை இழந்திருக்கிறார்கள் என்பதை நான் பார்த்துக்கொண்டே இருக்கிறேன். அதனால்தான் எழுத உட்கார்ந்தேன். மேலே மனு இருப்பது வேறு, தடை இருப்பது வேறு. இதைக் கடைசியில் விரிவாகச் சொல்கிறேன். முதலில் உத்தரவைக் கையில் எடுங்கள்.

எல்லோரும் தொகையை மட்டும்தான் பார்க்கிறார்கள். முதல் பக்கத்திலிருந்து பாருங்கள். எந்தச் சட்டப் பிரிவில் கொடுத்த உத்தரவு? வழக்கு எண் எம்.சி. என்று தொடங்கி, பிரிவு 125 என்றோ 144 என்றோ இருந்தால் அது ஜீவனாம்ச வழக்கு. இரண்டும் ஒன்றுதான். 2024 ஜூலை 1ஆம் தேதி புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா அமலுக்கு வந்ததிலிருந்து பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125 இப்போது 144. அதற்கு முன்பே போட்டு நிலுவையில் இருந்த வழக்குகள் பழைய எண்ணிலேயே நடக்கின்றன. எம்.சி. இல்லாமல், விவாகரத்து வழக்கிலேயே பிள்ளைச் செலவுக்கென்று இந்து திருமணச் சட்டம் 26ஆம் பிரிவில் சொல்லியிருந்தால் அதற்கு வழி வேறு.

அப்புறம் மனுதாரர் பெயர்கள். பிள்ளைகள் இரண்டாவது, மூன்றாவது மனுதாரராக இருக்கிறார்களா? அம்மாவுக்கு இல்லை என்று தள்ளிவிட்டு, பிள்ளைக்கு மட்டும் கொடுத்த உத்தரவுகள் உண்டு. மேலே போகும்போது யார் பெயரில் போகிறோம் என்பது இதை வைத்துத்தான்.

கடைசிப் பத்தியில் எந்தத் தேதியிலிருந்து என்று இருக்கும். மனு போட்ட நாளிலிருந்தா, உத்தரவு நாளிலிருந்தா? மனு நாளிலிருந்து கொடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020 நவம்பரில் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது. மனு இரண்டு வருடம் நடந்திருந்தால் 24 மாதத் தொகை இந்த ஒரு வரியில் தொங்குகிறது. தொகை போதும், தேதி மட்டும் தப்பு என்றால்கூட மேலே போகலாம், போக வேண்டும்.

இன்னொன்று, இரண்டு பேரும் சம்மதித்துக் கையெழுத்துப் போட்டதன் பேரில் வந்த உத்தரவா என்று பாருங்கள். சம்மத உத்தரவுக்கு மேல்முறையீடு கிடையாது.

எங்கே போவது என்பதில்தான் நிறையக் குழப்பம். "அப்பீல்" என்றுதான் எல்லோரும் சொல்கிறோம். ஆனால் குடும்ப நீதிமன்றம் 125இலோ 144இலோ கொடுத்த உத்தரவுக்கு அப்பீல் கிடையாது. 1984ஆம் வருடத்துக் குடும்ப நீதிமன்றச் சட்டம் 19ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது. இருப்பது சீராய்வு மனு, எங்கள் பேச்சில் ரிவிஷன். அது சென்னை உயர் நீதிமன்றத்தில். சேலம் மாவட்டம் மதுரைக் கிளையில் சேராது, சென்னைக்குத்தான் போக வேண்டும். கெடு 90 நாள். விவாகரத்து வழக்கோடு சேர்ந்து 26ஆம் பிரிவில் வந்த இறுதி உத்தரவு என்றால் அதற்கு உண்மையான அப்பீலே உண்டு. அதுவும் சென்னைக்குத்தான், இரண்டு நீதிபதிகள் கேட்பார்கள். அதற்கு 30 நாள் என்று வைத்துக்கொண்டு ஓடுங்கள். குடும்ப வன்முறைச் சட்டத்தில் மாஜிஸ்திரேட் கொடுத்த உத்தரவு என்றால் சென்னைக்குப் போக வேண்டாம், செஷன்ஸ் கோர்ட்டில் 30 நாளுக்குள் அப்பீல்.

எதிர்த்தரப்பு வராமலேயே, எக்ஸ்பார்ட்டியாக முடிந்த உத்தரவு என்றால் சென்னை வரை போக வேண்டிய அவசியமில்லை. வராமல் போனவர், வர முடியாததற்கு நியாயமான காரணத்தைக் காட்டி அதே கோர்ட்டில் மூன்று மாதத்துக்குள் ரத்து செய்யக் கேட்கலாம்.

நாள் கணக்குக்கு வருவோம். உத்தரவு வாசித்த அன்றே, முடியாவிட்டால் மறுநாளே, நகல் மனு போட்டுவிடுங்கள். யாருக்குச் சாதகமாக ஜீவனாம்ச உத்தரவு வந்ததோ அவர்களுக்கு அதன் நகல் கட்டணமில்லாமல் தர வேண்டும் என்பது சட்டத்திலேயே இருக்கிறது, கேட்டு வாங்குங்கள். சான்றிட்ட நகல் கைக்கு வந்ததும் கடைசிப் பக்கத்து முத்திரையைப் பாருங்கள். மனு கொடுத்த தேதி, நகல் தயாரான தேதி, பெற்றுக்கொண்ட தேதி என்று வரிசையாக இருக்கும். மனு கொடுத்ததிலிருந்து நகல் தயாராகும் வரையுள்ள நாட்கள் கெடுவிலிருந்து கழியும். ஜூன் 10ஆம் தேதி உத்தரவு என்றால் 90 நாள் செப்டம்பர் 8இல் முடியும். நகலுக்கு 15 நாள் ஆகியிருந்தால் 23ஆம் தேதி வரை இழுக்கலாம். ஆனால் நகல் தயாரான பிறகு நாம் போய் வாங்காமல் விட்ட நாட்கள் கழியாது. அந்த வாரத்தை மறதியில் விட்டுவிட்டு, பிறகு காலதாமதத்தை மன்னிக்கச் சொல்லித் தனி மனுவும் தனி நோட்டீசுமாக ஆறு மாதம் அலைந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

சரி, ரிவிஷன் போடத்தான் வேண்டுமா? இங்கே என் கருத்தை ஒளிக்காமல் சொல்கிறேன். தொகை குறைவு என்று வருகிற பத்துப் பேரில் பாதிப் பேரையாவது சென்னைக்குப் போக வேண்டாம் என்று எங்கள் வக்கீலே திருப்பி அனுப்புவார். ரிவிஷனில் உயர் நீதிமன்றம் வழக்கை முதலிலிருந்து விசாரிக்காது. கீழே இருந்த காகிதங்களை வைத்துக்கொண்டு சட்டப்படி தப்பா, இருந்த சாட்சியத்தைக் கண்டுகொள்ளாமல் விட்டார்களா என்றுதான் பார்க்கும். நீங்கள் கீழே கொடுக்காத சம்பளச் சீட்டு மேலே போய் உதவாது. கொடுத்த காகிதத்தை உத்தரவில் கணக்கில் எடுக்கவே இல்லை, தேதி தப்பு, ஒரு பிள்ளையை விட்டுவிட்டார்கள், இப்படி என்றால் ரிவிஷன். அதற்குப் பிறகு நிலைமை மாறியிருக்கிறது, அதாவது பிள்ளை பெரிய வகுப்புக்குப் போய்விட்டான், வைத்தியச் செலவு வந்துவிட்டது, அவருக்கு வருமானம் கூடியிருக்கிறது என்றால், இதே சேலம் கோர்ட்டில் தொகையை மாற்றக் கேட்டு மனு போடலாம். பழைய சட்டத்தில் 127, இப்போது 146. நான் 2001க்குப் பிறகு போட்டது இந்த மனுதான். இதற்குக் கெடு நாள் இல்லை, புதுக் காகிதம் கொடுக்கலாம், ஏற்காட்டுப் பெண் காலையில் மலையிறங்கி மாலையில் பிள்ளைகளிடம் போய்விடலாம்.

காகிதம் என்றால் என்ன காகிதம்? ரஜ்னேஷ் வழக்குக்குப் பிறகு இரண்டு தரப்பும் சொத்து, வருமானம், கடன், செலவு எல்லாவற்றையும் காட்டும் பிரமாணப் பத்திரம் கொடுக்க வேண்டும். பெண்கள் இதில் தங்கள் செலவைக் குறைத்து எழுதிவிடுகிறார்கள். வெட்கமோ, பழக்கமோ தெரியாது. "சாப்பாட்டுக்கு 2,000" என்று எழுதுவாள், மூன்று பேர் சாப்பிடுகிற வீட்டில். நான் எதிரே உட்காரவைத்து, காலையில் எழுந்ததிலிருந்து கேட்பேன். பால் எத்தனை பாக்கெட்? வேன் எவ்வளவு? போன மாதம் பெரியவனுக்குக் காய்ச்சல் என்றாயே, மருந்துச் சீட்டு எங்கே? நோட்டுப் புத்தகம், ஷூ, டியூஷன், வாடகையில் பிள்ளைகளின் பங்கு. அந்தப் பெண்ணோடு இப்படி ஒரு மணி நேரம் உட்கார்ந்தபோது 2,000 என்றது 9,400இல் வந்து நின்றது. அவளே அந்தத் தாளை வாங்கி இரண்டு தடவை கூட்டிப் பார்த்தாள்.

எதிர்த்தரப்பு வருமானம் இதைவிடக் கஷ்டம். அரசு வேலை என்றால் சம்பளச் சீட்டை வரவழைத்துவிடலாம். சேலத்தில் பாதிப் பேர் கொலுசு, தறி, லாரி, ஜவ்வரிசி என்று கையில் கூலி வாங்குகிறவர்கள். "மாசம் 6,000தான் கிடைக்குது" என்று கூண்டில் ஏறிச் சொல்வார்கள். அதற்காக விட்டுவிடக் கூடாது. 6,000 சம்பாதிக்கிறவர் வண்டிக்கு 4,500 தவணை எப்படிக் கட்டுகிறார்? வண்டிப் பதிவு விவரம், எல்.ஐ.சி. பிரீமியம், சீட்டுப் பணம், நகைக்கடன், போனில் பணம் வந்து போகிற வங்கிக் கணக்கு. வங்கி விவரத்தைக் கோர்ட் மூலமாக வரவழைக்க மனு போடலாம். பட்டறையில் எத்தனை பட்டி ஓடுகிறது, ஒரு கிலோ வெள்ளிக்கு என்ன கூலி என்று அதே தொழில் தெரிந்த ஒருவர் சாட்சி சொன்னால் இன்னும் நல்லது. வேலையே இல்லை என்று சொன்னாலும் உடம்பில் தெம்பு உள்ள ஆண் கூலி வேலை செய்தாவது பெண்டாட்டி பிள்ளையைக் காப்பாற்றியாக வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2022இல் அஞ்சு கார்க் வழக்கில் சொல்லியிருக்கிறது. அந்தத் தீர்ப்பை வக்கீலிடம் ஞாபகப்படுத்துங்கள்.

இவ்வளவையும் கீழே செய்துவிட்டால்தான் மேலே பேச ஏதாவது இருக்கும்.

சென்னைக்குப் போவது என்று முடிவானால், உயர் நீதிமன்றத்தில் எல்லாம் ஆங்கிலம். நம் கோர்ட்டில் தமிழில் இருந்த சாட்சியம், மனு, தமிழ் உத்தரவு எல்லாவற்றையும் மொழிபெயர்த்து டைப் செய்து கட்டாக்கிக் கொடுக்க வேண்டும். இதற்கே பத்து நாள் பிடிக்கும். பக்கத்துக்கு இவ்வளவு என்று காசு வேறு. மொழிபெயர்ப்பை ஒரு தடவை யாரையாவது வாசித்துச் சொல்லச் சொல்லுங்கள். ஒரு கட்டில் வாரக் கூலி என்பது மாதச் சம்பளமாக மாறியிருந்ததை அனுப்புவதற்கு முதல் நாள்தான் பிடித்தோம்.

காசு இல்லை என்று நின்றுவிடாதீர்கள். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச வக்கீல் உண்டு. 1987ஆம் வருடச் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டம் 12ஆம் பிரிவு. சேலத்தில் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுங்கள். சென்னையில் அதற்கென்று உயர் நீதிமன்றக் குழுவே இருக்கிறது. 15100 என்ற எண்ணில் கூப்பிட்டும் கேட்கலாம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் நீங்கள் சென்னைக்குப் போக வேண்டியதில்லை. கையெழுத்துக்கோ, சமரசத்துக்கோ கூப்பிட்டால் மட்டும் போனால் போதும். ராத்திரி ஏற்காடு எக்ஸ்பிரஸ் ஏறினால் விடிகாலை சென்ட்ரல். வழக்கு எண்ணை ஈ-கோர்ட்ஸ் செயலியில் போட்டால் அடுத்த தேதி, போன தேதியில் என்ன நடந்தது எல்லாம் வரும். ஏமாற்றாமல் சொல்கிற வக்கீலாக இருந்தாலும் நீங்களே பார்க்கப் பழகுங்கள்.

இனி முதலில் சொன்ன விஷயம்.

அவர் ரிவிஷன் போட்டுவிட்டார் என்பதால் உத்தரவு நின்றுவிடாது. தடை கேட்டுத் தனி மனு போட்டு, அதில் நீதிபதி தடை கொடுத்திருந்தால்தான் நிற்கும். பெரும்பாலும் சும்மா கொடுக்க மாட்டார்கள். பாக்கியில் ஒரு பகுதியை இத்தனை வாரத்துக்குள் கட்டு, மாதாமாதம் இவ்வளவு கொடு என்று நிபந்தனை இருக்கும். கட்டவில்லை என்றால் தடை தானாகப் போய்விடும் என்றும் பல உத்தரவுகளில் எழுதியிருக்கும். எனவே "தடை வாங்கிட்டேன்" என்று யார் சொன்னாலும் அந்த உத்தரவின் நகலைக் காட்டச் சொல்லுங்கள்.

தடை இல்லை என்றால் வசூல் மனு போடுங்கள். கொடுக்காத மாதத்துக்கு வாரண்ட் கேட்கலாம், அப்போதும் கொடுக்காவிட்டால் ஒரு மாதம் வரை சிறை. சிறைக்குப் போய் வந்தாலும் கடன் தீராது, பாக்கி பாக்கிதான். 1988இலேயே உச்ச நீதிமன்றம் குல்தீப் கவுர் வழக்கில் தீர்த்துச் சொன்னது. ஆனால் இதற்கு ஒரு கெடு இருக்கிறது, பலருக்கும் தெரியாது. ஒரு மாதத் தொகை எந்தத் தேதியில் கொடுக்க வேண்டியதோ அதிலிருந்து ஒரு வருடத்துக்குள் வசூல் மனு போட்டாக வேண்டும். தாண்டினால் அந்த மாதத்துக்கு வாரண்ட் கிடையாது. வேறு வழியில், சிவில் டிக்ரி போல நிறைவேற்றக் கேட்கலாம் என்றாலும் அது நீண்டுகொண்டே போகும்.

ஏற்காட்டுப் பெண்ணுக்கு 14 மாதம். முதல் இரண்டு மாதம், 10,000 ரூபாய், ஒரு வருடக் கெடுவைத் தாண்டிவிட்டது. செயலியில் பார்த்தோம். ரிவிஷன் பதிவாகி எண் ஆகியிருந்தது, தடை மனு நிலுவை, தடை கொடுக்கவில்லை. அதாவது அந்த 14 மாதமும் உத்தரவு முழு உயிரோடுதான் இருந்தது. அவள் அழவில்லை. "ரெண்டு மாசத்துக்கு முன்னாடி மாரியம்மன் பண்டிகைக்கு இறங்கி வந்தேனே, அப்பவே இங்க வந்திருக்கலாம்" என்று மட்டும் சொன்னாள். மறுநாளே 12 மாதத்துக்கு, 60,000 ரூபாய்க்கு மனு போட்டோம்.

அப்பாக்கள் இதைப் படித்தால் அவர்களுக்கும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் அவர்களும் எங்கள் ஆபீசுக்கு வருகிறார்கள், எல்லோரும் கெட்டவர்கள் இல்லை. தொகை தாங்க முடியாமல் இருந்தால் ரிவிஷன் உங்களுக்கும் உரிமைதான். ஆனால் போட்டுவிட்டுக் கொடுப்பதை நிறுத்தாதீர்கள். முடிந்ததை மாதாமாதம் வங்கியில் போட்டுக்கொண்டே வந்தால், தடை கேட்கும்போது நீதிபதி முதலில் பார்ப்பது அதைத்தான். கையில் கொடுத்த காசும், பிள்ளைக்கு வாங்கிக் கொடுத்த துணியும் கணக்கில் வராது. நீங்களாக வாங்கிய கடனுக்குக் கட்டும் தவணையைக் காட்டி ஜீவனாம்சத்தைக் குறைக்கச் சொன்னால் பொதுவாக ஏற்க மாட்டார்கள். வேலை உண்மையிலேயே போய்விட்டது, உடம்பு முடியவில்லை என்றால் அதே 146இல் குறைக்கக் கேட்கலாம், மருத்துவச் சான்றோடு. அம்மாவோடு உள்ள கோபத்தைப் பிள்ளையின் தொகையில் காட்டாதீர்கள். அவள் சம்பாதித்தாலும், இனி எதுவும் கேட்க மாட்டேன் என்று எழுதிக் கொடுத்திருந்தாலும் பிள்ளையின் பங்கு போகாது.

பிள்ளைக்கு 17 வயது நடக்கிறவர்கள் ஒன்றைக் கவனியுங்கள். இந்தப் பிரிவில் ஜீவனாம்சம் 18 வயது வரைதான், உடல் மன ஊனம் இருந்தால் தவிர. இந்து வீட்டுப் பெண் பிள்ளைக்குக் கல்யாணம் ஆகும் வரை, சொந்தமாகச் சமாளிக்க முடியாவிட்டால், 1956ஆம் வருட இந்து தத்தெடுப்பு, ஜீவனாம்சச் சட்டத்தின் 20ஆம் பிரிவில் தனியாகக் கேட்க வழி இருக்கிறது. காலேஜ் சேர்க்கும் நேரத்தில் வந்து நிற்காமல் முன்பே வக்கீலைப் பாருங்கள்.

அந்த 60,000 ரூபாய் மனுவில் நோட்டீஸ் போன மூன்றாவது வாய்தாவில் அவர் 25,000 கட்டினார். ரிவிஷன் இன்னும் சென்னையில் நடக்கிறது. அவள் இப்போது எஸ்டேட் லைன் வீட்டில் மாட்டியிருக்கும் நாள்காட்டியில் ஒவ்வொரு மாதம் 5ஆம் தேதியிலும் பணம் வந்ததா இல்லையா என்று குறித்து வைக்கிறாள். ஆறு மாதத்துக்கு ஒரு முறை, ஒரு வருடம் ஆகும் வரை காத்திருக்காமல், புது வசூல் மனு. அடுத்தது ஜூலை முதல் வாரம். வரும்போது பாஸ்புக்கைப் பதிவு போட்டு எடுத்து வரச் சொல்லியிருக்கிறேன்.